எட்வின் ஹட்சின்ஸ்

எட்வின் ஹட்சின்ஸ் அமெரிக்க மானிடவியலாளர், அறிதல் அறிவியலாளர். சான் டியேகோவிலுள்ள கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்தவர். அறிவு தனியொருவர் தலைக்குள் மட்டும் இருப்பதில்லை, ஆட்களிலும் கருவிகளிலும் பேச்சிலும் பரவியிருக்கிறது என்பது அவருடைய மையக் கருத்து. இதற்குப் ‘பகிர்ந்த அறிதல்’ என்று பெயர்.

பப்புவா நியூகினியின் டிரோப்ரியாண்ட் தீவுகளில் நிலவழக்குகளை ஆராய்ந்து 1980இல் முதல் நூலை வெளியிட்டார். மைக்ரோனேசியத் தீவினர் வரைபடமின்றி விண்மீன்களைக் கொண்டு கடலோடும் முறை பற்றியும் எழுதினார். 1985இல் மெக்கார்தர் நல்கை பெற்றார்.

அவரது பெரும்படைப்பு 1995இல் வந்த ‘காக்னிஷன் இன் த வைல்ட்’. அமெரிக்கக் கடற்படையின் ஹெலிகாப்டர் தாங்கிக் கப்பலொன்றில் மாலுமிகளோடு இருந்து எழுதிய ஆய்வு அது. கப்பலுக்கு அவர் இட்ட புனைபெயர் ‘பாலாவ்’. நூலின் உயிர்ப்பான பகுதி, சான் டியேகோ துறைமுகத்துக்குள் நுழைகையில் அந்தக் கப்பலுக்கு நேர்ந்த விபத்து. நீராவி அழுத்தம் விழுந்தது. எஞ்சினைப் பின்னோக்கி இயக்கிக் கப்பலை நிறுத்த வழியில்லை. மின்சாரமும் போனது. சிறிது நேரத்தில், திசையறிய நம்பியிருந்த ஜைரோ திசைகாட்டியும் செயலிழந்தது. அப்படியும் கப்பலைக் கால்வாய் ஓரமாக ஒதுக்கிப் பத்திரமாக நங்கூரமிட்டார்கள்.

ஹட்சின்ஸ் கவனித்தது ஜைரோ செயலிழந்ததிலிருந்து நங்கூரமிடும்வரை நடந்த கணக்கை. அது இல்லாததால், கரையடையாளம் ஒவ்வொன்றின் திசையையும் அறிய நான்கு எண்களைக் கூட்ட வேண்டியிருந்தது: கப்பலின் முகப்பிலிருந்து அளந்த கோணம், காந்தத் திசைகாட்டி காட்டும் எண், கப்பலின் இரும்பால் வரும் பிழை, அந்த இடத்துக்குரிய காந்த ஒதுக்கம். தொடக்கத்தில் தடுமாற்றம், இரும்பால் வரும் பிழை கணக்கில் விடுபட்டே போனது. பின்னர், அந்தத் திசைகளை வரைபடத்தில் கோடுகளாக இழுப்பவரும் எண்களைப் பதிவுசெய்பவரும் பேச்சினூடே வேலையைப் பங்கிட்டுக்கொண்டார்கள். கடைசி மூன்றையும் ஒருமுறை கூட்டி வைத்துக்கொண்டால் பல கோடுகளுக்கு அதுவே உதவும் என்ற ஒழுங்கு மெல்ல உருவானது. யாரும் அதைத் திட்டமிடவில்லை. அவரவர் அருகிலிருப்பவருக்கு ஏற்பத் தம் வேலையைச் சற்றே மாற்றிக்கொண்டதில் விளைந்தது அது. ஆணைகளால் மட்டுமே இயங்குவதாக நாம் கருதும் படையில் இது நிகழ்ந்தது என்பதே இந்த ஆய்வை முக்கியமாக்குகிறது.

இத்தகைய கூட்டுவேலைக்கு மாலுமிகளின் பயிற்சிமுறையும் உதவியது என்பது அவருடைய விளக்கம். கோணம் அளப்பவர், பிறகு பதிவாளர், அதற்கும் மேலே வரைபடக்காரர் எனத் தகவல் சென்ற வழியிலேயே பதவி உயர்வும் சென்றது. ஆகவே மேலிருந்தவர் தமக்கு எண் கொடுத்தவரின் வேலையை முன்பே செய்து பழகியிருந்தார். தவறான எண் வந்தால் அது எங்கே பிசகியிருக்கும் என்பதையும் அறிந்திருந்தார்.