காவல் யார் கையில்? மதுரையின் பண்டுக் கலகமும் குற்றப் பரம்பரைச் சட்டமும்

பிறமலைக் கள்ளர் மீது குற்றப் பரம்பரைச் சட்டம் ஏவப்பட்டதை ஆராய்ந்தவர்களில் பலர் ஒரே முடிவுக்கு வருகிறார்கள். ‘பிறவிக் குற்றவாளி’ என்பது காலனிய இனவரைவியல் வனைந்த உரு. போலீஸ் கையேடுகளும் சாதி அகராதிகளும் ஒரு சமூகத்தைத் திருட்டுச் சாதி என்று எழுதின. எழுதியதைச் சட்டம் நடைமுறைப்படுத்தியது என்பது அம்முடிவு. இதில் பெரும்பகுதி உண்மை. ஆனால் இந்த விளக்கத்தில் எழுதுகிறவரும் அதிகாரி, செயல்படுகிறவரும் அதிகாரி. திண்டுக்கல், மதுரைப் பக்கத்துக் குடியானவர்களுக்கு அதில் இடமே இல்லை. அவர்களை உள்ளே கொண்டுவந்தால் விளக்கத்தின் அச்சே நகர்கிறது என்பது இக்கட்டுரையின் வாதம். ஆதாரம் புதியதல்ல, அடிக்கடி மேற்கோள் காட்டப்பட்டும் நின்று படிக்கப்படாத ஒன்று.

1906-இல் வெளியான மதுரை மாவட்ட கெஜட்டியரில், பண்டுக் கலகம் எனப்படும் 1890-களின் கள்ளர் எதிர்ப்பு இயக்கத்தைப் பற்றி டபிள்யூ. பிரான்சிஸ் எழுதிய பகுதியே அது. இடையர் சமூகத்தைச் சேர்ந்த அம்மையப்பக் கோன் ஊர் ஊராகப் போய்க் கூட்டம் கூட்டினார். கள்ளர் செய்துவந்த ஊர்க்காவலை இனி ஏற்பதில்லை என்று பல சாதியாரும் சத்தியம் செய்தனர். ஒவ்வோர் ஊரிலும் பணம் திரட்டிப் பண்டு வைத்தனர். மாடு களவு போனால் நட்டத்தைப் பண்டு ஈடுசெய்யும். ஊருக்கு ஊர் கொம்புகள் வைக்கப்பட்டன. கொம்பு ஊதினால் ஆண்கள் அத்தனை பேரும் திரண்டு ஓடித் தேட வேண்டும். கள்ளர் காவலர்களின் இடத்தில் வேறு காவலர்கள் அமர்த்தப்பட்டனர். இயக்கம் திண்டுக்கல்லைத் தாண்டிப் பரவியது. மோதலும் தீவைப்பும் தொடர்ந்தன.

இதை இரு விதமாகப் படித்திருக்கிறார்கள். கொள்ளையருக்கு எதிராக நல்ல குடிகள் எழுந்தார்கள் என்பது அதிகாரிகளின் வாசிப்பு. அரசு தூண்டிவிட்ட சாதிக் கலவரம் என்பது பிந்தியவர்களின் வாசிப்பு. பண்டின் அமைப்பு இரண்டுக்கும் இசையவில்லை.

காவல் முறையில் காவல்காரருக்குக் கூலி உண்டு. பொருள் களவு போனால் மீட்டுத் தரும் பொறுப்பும், மீட்க முடியாவிட்டால் ஈடு கட்டும் பொறுப்பும் அவருடையவை. துப்புக்கூலி கொடுத்தால் காணாமற்போன மாடு திரும்பி வரும் வழக்கமும் இதை ஒட்டி இருந்தது. இப்போது பண்டைப் பாருங்கள். கூலிக்குப் பதில் ஊர் வசூல். ஈடு கட்டும் காவல்காரருக்குப் பதில் ஈடு கட்டும் ஊர்ப்பணம். பழைய காவலருக்குப் பதில் புதுக் காவலர். பொறுப்பு கைமாறியிருக்கிறது, முறை அப்படியே இருக்கிறது. காவல் என்ற ஏற்பாட்டை ஒழிக்க யாரும் புறப்படவில்லை. அது யார் கையில் இருப்பது என்பதே வழக்கு. இந்த ஏற்பாட்டின் மையத்தில் போலீஸ் நிலையம் இல்லை என்பதும் கவனிக்கத்தக்கது.

சண்டை ஏன் மாட்டைச் சுற்றியே நடந்தது? திண்டுக்கல் வட்டாரத் தோட்டக்கால் வேளாண்மை, மாடு பூட்டிக் கிணற்று நீர் இறைக்கும் கமலையை நம்பியது. உழவு மாடு தொலைந்தால் அடுத்த பருவத்துக்குள் சமாளிக்கலாம். கமலை மாடு தொலைந்தால் நிற்கிற பயிர் சில நாளில் காயும். மாட்டைக் காப்பவர் கையில்தான் கிணற்றின் பயன் இருந்தது. ஆகவே காவல்கூலி என்பது விளைச்சலில் ஒரு பங்கு. அந்தப் பங்கின் மீது எழுந்த பிணக்கு என்று பண்டுக் கலகத்தைக் கொள்வது, முடிந்த முடிபாக இல்லாவிட்டாலும், ஆதாரத்தோடு மிகவும் பொருந்துவது.

இந்தப் பிணக்கு ஒரு சாதியின் இயல்பாக மாறியது எழுத்தில்தான். அவ்வளவில் முந்தைய ஆய்வாளர்களோடு எனக்கு வேறுபாடு இல்லை. பிரான்சிஸின் தகவல்களை எட்கர் தர்ஸ்டன் 1909-இல் தம் சாதித் தொகுதிகளில் கள்ளர் என்ற தலைப்பின் கீழ் சேர்த்துக்கொண்டார். வட்டாரத் தகராறு சாதிக்குறிப்பாயிற்று. 1871-ஆம் ஆண்டுக் குற்றப் பரம்பரைச் சட்டத்தின்படி ஒரு கூட்டத்தாரைக் குற்றப் பரம்பரையாக அறிவிக்க கவர்னர் ஜெனரலின் ஒப்புதல் வேண்டியிருந்தது. 1911-ஆம் ஆண்டுச் சட்டம் அத்தடையை நீக்கி, ‘நம்பக் காரணம்’ இருந்தால் மாகாண அரசே அறிவிக்கலாம் என்றது. 1914-இல் கீழக்குயில்குடிக் கள்ளர் மீது அது பாய்ந்தது. நம்புவதற்கான காரணம் சாதி அகராதியிலிருந்து மட்டும் வந்திருக்க முடியாது. கூலி கொடுக்க மறுத்த ஊர்களின் குறைகள் அதற்கு முன்பே கச்சேரியில் குவிந்திருந்தன என்று கொள்வதே பொருத்தம்.

அரசு பிறகு செய்ததும் இதற்கு அரண் செய்கிறது. ரேகைச் சட்டம் என்று மக்கள் வெறுத்த அந்தச் சட்டத்தை எதிர்த்து நின்ற பெருங்காமநல்லூரில் 1920 ஏப்ரல் 3 அன்று போலீஸ் சுட்டது. மாயக்காள் உள்ளிட்டோர் கொல்லப்பட்டனர். அதே காலத்தில் தொடங்கிய கள்ளர் சீரமைப்பின் கீழ் ஊர்தோறும் கள்ளர் பஞ்சாயத்துகள் அமைக்கப்பட்டு, தத்தம் ஊரார் செய்யும் களவுக்கு அவை பொறுப்பாக்கப்பட்டன. களவுக்குக் கூட்டாகப் பொறுப்பேற்பது காவலின் உயிர்நாடி. அரசு அதை ஒழிக்கவில்லை. கூலியை மட்டும் நீக்கிவிட்டுப் பொறுப்பைச் சட்டக் கடமையாக்கியது. உரிமை போனது, சுமை நின்றது.

கெஜட்டியர் அதிகாரியின் எழுத்து, அதை நம்பலாமா என்று கேட்கலாம். கொம்பையும் பண்டையும் இட்டுக்கட்டுவதால் பிரான்சிஸுக்கு எந்த ஆதாயமும் இல்லை. அவருடைய தீர்ப்பை விட்டுவிட்டு விவரத்தை எடுத்துக்கொள்ளலாம். குடியானவர்களின் பங்கைச் சொல்வது அரசின் பழியைக் குறைக்கும் என்ற அச்சத்துக்கு நீண்ட பதில் தேவையில்லை: துப்பாக்கி ஊராரிடம் இருக்கவில்லை. காவலைத் தொன்மையான இறையாண்மையின் எச்சமாகப் போற்றும் வாதம், அக்கூலியைக் கொடுத்தவர்கள் யார் என்ற கேள்வியைத் தவிர்க்கும் வரை எடுபடாது.

ஆகவே குற்றப் பரம்பரை வரலாற்றை இனவரைவியல் நூல்களில் தொடங்குவது தாமதமாகத் தொடங்குவதாகும். கிணறு, மாடு, கூலி ஆகியவற்றின் மீதான பிணக்கில் அதைத் தொடங்கினால், மாகாணத்தில் எத்தனையோ சமூகங்களைப் பற்றிக் கையேடுகள் ஒரே தொனியில் எழுதியிருந்தும் சட்டம் ஏன் சில இடங்களில் மட்டும் இத்தனை ஆழமாக இறங்கியது என்பதற்கு விடை காணலாம். அந்த வேறுபாட்டுக்குக் காரணம் கையேடுகளில் இல்லை. அந்தந்த வட்டாரத்து வேளாண்மையில் இருக்கிறது.