சிவப்புக் கோடு: ஒரு சிகாகோச் சொல்லின் கதை

'ரெட்லைனிங்' என்றால், ஒரு வட்டாரத்தையே சிவப்புக் கோட்டுக்குள் அடைத்து, அங்கே குடியிருப்பவர்களுக்கு வீட்டுக் கடனும் காப்பீடும் மறுப்பது. இந்தச் சொல்லுக்கு ஒரு பிறப்புக் கதை சொல்வார்கள். 1933இல் அமெரிக்க அரசு நிறுவிய வீட்டுக்கடன் கழகம், 1935 முதல் 1940 வரை இருநூறுக்கும் மேற்பட்ட நகரங்களுக்கு வரைபடம் தயாரித்தது. பச்சை, நீலம், மஞ்சள், சிவப்பு என்று நான்கு தரம். கடைசித் தரமான சிவப்புக்குப் பொருள் 'அபாயம்'. கறுப்பர் குடியிருப்புகள் அநேகமாக எல்லாமே அதில்தான் விழுந்தன. அந்தச் சிவப்பே சொல்லாயிற்று என்பது கதை.

காலக்கணக்கு இதற்கு ஒத்துவரவில்லை. அந்த வரைபடங்கள் மக்கள் கண்ணில் பட்டவை அல்ல. வரலாற்றாசிரியர் கென்னத் ஜாக்சன் அவற்றைப் பற்றி எழுதி உலகறியச் செய்தது 1980களில். சொல்லோ 1960களின் இறுதியிலேயே சிகாகோவில் புழங்கிவிட்டது. அதை உருவாக்கியவர் என்று சமூகச் செயற்பாட்டாளர் ஜான் மெக்நைட்டைக் குறிப்பிடுவது வழக்கம். வரைபடம் எதையும் பார்க்காமலே, வாங்கிய அடியை வைத்து மக்கள் கோட்டைக் கண்டுகொண்டார்கள் என்றுதான் நான் நினைக்கிறேன்.

பெயர் வருவதற்கு வெகுகாலம் முன்பே காரியம் நடந்துகொண்டிருந்தது. 1910இல் சிகாகோவில் கறுப்பர்கள் சுமார் 44,000 பேர். தென் மாநிலங்களிலிருந்து பெயர்ந்து வந்தவர்களால் 1930இல் சுமார் 2,34,000. இத்தனை பேரில் பெரும்பாலோர் நகரின் தென்பகுதியில் 'கறுப்புப் பட்டை' எனப்பட்ட குறுகிய நிலத்தில் நெருக்கியடித்து வாழ்ந்தனர். 1919 ஜூலையில் ஏரிக்கரையில் கல்லெறிக்கு ஆளான ஒரு கறுப்பினச் சிறுவனின் சாவில் மூண்ட கலவரத்தில் 38 பேர் மாண்டனர். அதன்பின் கல்லெறிந்தவர்களின் வேலையைப் பத்திரங்கள் எடுத்துக்கொண்டன. கறுப்பருக்கு விற்பதில்லை, வாடகைக்கும் விடுவதில்லை என்று அக்கம்பக்கத்து உரிமையாளர்கள் கையெழுத்திடும் ஒப்பந்தத்துக்கு 1927இல் சிகாகோ மனை வணிகர் சங்கமே மாதிரி எழுதிக் கொடுத்தது. இத்தகைய ஒப்பந்தங்களை நீதிமன்றங்கள் அமல்படுத்தக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது 1948இல்தான்.

இனவெறுப்புக்குப் பொருளாதார உடை அணிவித்ததிலும் சிகாகோவுக்குப் பங்குண்டு. அந்நகரின் நில மதிப்பை ஆராய்ந்த ஹோமர் ஹாய்ட், 1933இல் வெளியிட்ட நூலில் நிலமதிப்பின் மேல் உண்டாகும் விளைவை வைத்து இனங்களை வரிசைப்படுத்தினார். அடிமட்டத்தில் கறுப்பரும் மெக்சிகோக்காரரும். மறு ஆண்டே அவர் கூட்டாட்சி வீட்டுவசதி நிர்வாகத்தின் முதன்மைப் பொருளாதார அறிஞர்களில் ஒருவரானார். 1934இல் பிறந்த இந்த நிர்வாகம் கடனுக்குக் காப்புறுதி தந்தால்தான் வங்கிகள் நீண்டகாலக் கடனைத் தயங்காமல் கொடுத்தன. கறுப்பர் தெருக்களுக்கு அது கிடைக்கவில்லை. மறுப்புக்குச் சொன்ன காரணம் 'இனம்' அல்ல, 'இடர்'. இந்தப் பெயர்மாற்றத்தைத்தான் நான் மன்னிக்க முடியாத குற்றமாகக் கருதுகிறேன்.

வங்கிக் கடன் இல்லாதவர்களைத் தவணை ஒப்பந்த வியாபாரிகள் வளைத்துக்கொண்டனர். மலிவாக வாங்கிய வீட்டை இரண்டு மூன்று மடங்கு விலைக்கு விற்பார்கள். கடைசித் தவணை கட்டும்வரை பத்திரம் கைக்கு வராது. ஒரு தவணை தவறினாலும் வீடு போய்விடலாம், கட்டிய பணமும் போய்விடலாம். 1968இல் சிகாகோவின் லான்டேல் பகுதியில் இப்படி வீடு வாங்கியவர்கள் சங்கம் கட்டிப் போராடினர்.

அதே ஆண்டு வந்த நியாய வீட்டுவசதிச் சட்டம் பாகுபாட்டைத் தடைசெய்தது. ஆனால் வங்கி எங்கே கடன் கொடுத்தது, எங்கே மறுத்தது என்ற கணக்கு வெளியே தெரியாதவரை எதை வைத்து வழக்காடுவது? மேற்குச் சிகாகோவின் ஆஸ்டினைச் சேர்ந்த கேல் சின்காட்டா என்ற குடும்பத் தலைவி, 'ரெட்லைனிங்' என்ற சொல்லை முழக்கமாக்கி நாடெங்கும் மக்களைத் திரட்டினார். கணக்கை வெளியிட வைத்த சட்டம் 1975இலும், தாம் வைப்புத்தொகை திரட்டும் பகுதியின் கடன் தேவைகளையும் வங்கிகள் கவனிக்க வேண்டும் என்ற சட்டம் 1977இலும் வந்தன.

சிகாகோவில் 1950, 60களில் தவணை ஒப்பந்தங்களால் கறுப்பினக் குடும்பங்கள் இழந்தது, ஆய்வுக்கால மதிப்பில் 300 முதல் 400 கோடி டாலர் என்று டியூக் பல்கலைக்கழகம் 2019இல் வெளியிட்ட ஆய்வு கணக்கிட்டது. அந்தப் பணம் திரும்பவில்லை.