காலடிகளுக்குக் கணக்கு எழுதியவர்கள்

அலுவலகங்களில் இப்போது அடிக்கடி வரும் மின்னஞ்சல் ஒன்று உண்டு: செயலியைத் தரவிறக்குங்கள், குழு சேருங்கள், நாளுக்குப் பத்தாயிரம் அடி நடங்கள், முந்தும் குழுவுக்குப் பரிசு. புள்ளி, பதக்கம், தரவரிசை எல்லாம் கைபேசிக்குள் இருப்பதால் இது ஸ்மார்ட்போன் காலத்துப் புதுமை என்றே பலரும் நினைக்கிறார்கள். ஆனால் இந்தப் பழக்கத்துக்கு ஏறக்குறைய நூறு வயது. தொடங்கி வைத்தவர்கள் ஆயுள் காப்பீட்டுக்காரர்கள். ஒருவரின் உடற்பயிற்சிக்கு யார் கணக்கு எழுதுகிறார், எதற்காக எழுதுகிறார் என்று பார்த்துக்கொண்டே வந்தால்தான் இந்த வரலாறு விளங்கும்.

நியூயார்க்கின் மெட்ரோபாலிடன் லைஃப் நிறுவனம் 1925ஆம் ஆண்டு தன் கோபுரத்திலிருந்து காலை உடற்பயிற்சியை வானொலியில் ஒலிபரப்பத் தொடங்கியது. ஆர்தர் பேக்லி என்பவர் எண்ணிக்கை சொல்ல, வீடுகளில் இருந்தவர்கள் கைகால்களை நீட்டி மடக்கினார்கள். இதே நிறுவனம்தான் 1909 முதல் பாலிசிதாரர் வீடுகளுக்கு நர்சுகளை அனுப்பிவந்தது. பாலிசி எடுத்தவர் நீண்ட நாள் வாழ்ந்தால் பிரீமியமும் நீண்ட நாள் வரும். நல்லெண்ணமும் லாபக் கணக்கும் ஒரே திசையில் போன காலம் அது.

இதைக் கவனித்துவிட்டு ஊர் திரும்பியவர்கள் ஜப்பானின் அஞ்சல் காப்பீட்டு அதிகாரிகள். ஜப்பானில் 1916 முதல் அஞ்சலகமே எளிய மக்களுக்குச் சிறு தொகைக்கு ஆயுள் காப்பீடு விற்றுவந்தது. மருத்துவப் பரிசோதனைகூடக் கேட்கவில்லை. அப்போது ஜப்பானிய ஆண்களின் சராசரி ஆயுள் 42 வயது. பரிசோதனை இல்லாமல் ஏழைகளைச் சேர்த்துக்கொண்ட காப்பீட்டுக்கு அவர்களை உயிரோடு வைத்திருக்கும் அக்கறை இருந்தே தீர வேண்டும். 1928 நவம்பர் 1 அன்று, ஷோவா பேரரசரின் முடிசூட்டை ஒட்டி, 'ரேடியோ தைசோ' என்று இன்றும் அழைக்கப்படும் வானொலி உடற்பயிற்சி தொடங்கியது. வானொலிப் பெட்டி எட்டாத கிராமங்களுக்கு அஞ்சல் ஊழியர்களே அசைவுகளைக் கற்றுக் கொண்டுபோனார்கள்.

விளையாட்டின் வாசனை இதில் சேர்ந்தது தெருவில்தான். 1930 கோடையில் டோக்கியோவின் கண்டா பகுதியில் ஒரு போலீஸ்காரர் அக்கம்பக்கத்துப் பிள்ளைகளை அதிகாலையில் கூட்டி இந்தப் பயிற்சியைச் செய்ய வைத்தார். கோடை விடுமுறைக் கூட்டம் என்ற வழக்கம் அங்கிருந்து நாடெங்கும் பரவியது. காலப்போக்கில் அதற்கு ஒரு வருகை அட்டையும் வந்தது. நாளுக்கு ஒரு கட்டம் போட்ட சிறிய அட்டை. பிள்ளைகள் அதைக் கயிற்றில் கோத்துக் கழுத்தில் தொங்கவிட்டுக்கொண்டு காலை 6:30 மணிக்குப் பூங்காவுக்கோ கோயில் முற்றத்துக்கோ வருவார்கள். பயிற்சி முடிந்ததும் வரிசையில் நின்றால் தெருப் பெரியவர் ஒருவர் அன்றைய கட்டத்தில் முத்திரை குத்துவார். விடுமுறை முடிவில் முத்திரைகள் நிரம்பிய அட்டைக்கு நோட்டுப் புத்தகமோ இனிப்போ கிடைக்கும். இன்றைய செயலிகள் 'தொடர்ச்சி' என்று காட்டும் எண்ணிக்கை, தவறவிட்டால் மனம் சுணங்கும் வெற்றுக் கட்டம், கடைசியில் வரும் சிறு பரிசு என எல்லாமே அந்த அட்டையில் இருந்தன. கூடவே இன்னொன்றும் இருந்தது. முத்திரை குத்தியவருக்கு அந்தப் பிள்ளையின் பெயர் தெரியும். அது ஒரு நாள் வராவிட்டால் ஏன் வரவில்லை என்று வீட்டில் விசாரிக்கவும் அவரால் முடியும். செயலிகளில் இன்றுவரை சரியாகக் கொண்டுவர முடியாத பகுதி இதுதான்.

ஆனால் கணக்குப் புத்தகம் கைமாறினால் இதே பயிற்சி எப்படி மாறும் என்பதையும் ஜப்பான் விரைவிலேயே பார்த்தது. 1930களின் பிற்பகுதியில் போர் அரசு இதைத் தன் கையில் எடுத்துக்கொண்டது. உடல் என்பது நாட்டின் சொத்து, காலையில் எல்லோரும் ஒரே நேரத்தில் ஒரே விதமாகக் கையைத் தூக்குவது கடமை என்றாயிற்று. 1942 முதல் 1945 வரை ஜப்பானியர் பிடியில் இருந்த சிங்கப்பூரிலும் மலாயாவிலும் பள்ளிப் பிள்ளைகள் இந்தத் தைசோவைச் செய்ய வேண்டியிருந்தது. அந்த வரிசைகளில் தமிழ்ப் பிள்ளைகளும் நின்றார்கள். போர் முடிந்ததும், ஒரு குரலுக்கு நாடே அசைவதை அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகம் சந்தேகத்தோடு பார்த்தது. அசைவுகளை மாற்றிப் பார்த்தும் பலனில்லாமல் 1947இல் ஒலிபரப்பு நின்றது.

1951 மே மாதம் அது திரும்பி வந்தபோது அசைவுகளும் புதியவை, பியானோ இசையும் புதியது. மூன்று நிமிடத்துக்குச் சற்று மேல், 13 அசைவுகள். அடுத்த ஆண்டு வந்த இரண்டாம் பயிற்சி வேலைக்குப் போகிறவர்களை மனத்தில் வைத்து அமைக்கப்பட்டது. ஜப்பானின் கட்டுமானத் தளங்களிலும் தொழிற்சாலைகளிலும் வேலை தொடங்குமுன் ஹெல்மெட் அணிந்தவர்கள் வரிசையாக நின்று இதைச் செய்வது இன்றும் சாதாரணக் காட்சி. எடை குறைந்ததா, எத்தனை கலோரி போனது என்று அங்கே யாரும் குறித்துக்கொள்வதில்லை.

குறித்துக்கொள்ளும் கருவி 1965இல் வந்தது. டோக்கியோ ஒலிம்பிக்ஸ் முடிந்த மறு ஆண்டு, உடற்பயிற்சி ஆர்வம் ஊரெங்கும் சூடாக இருந்த வேளையில், யமாசா என்ற கருவித் தயாரிப்பு நிறுவனம் இடுப்பில் மாட்டும் அடிமானி ஒன்றை விற்பனைக்கு விட்டது. அதன் பெயர் 'மான்போ-கெய்', அதாவது பத்தாயிரம் அடிமானி. உலகமெங்கும் மணிக்கட்டுகளில் இன்று ஒளிரும் இலக்கு, ஒரு விற்பனைப் பெயராக இப்படித்தான் பிறந்தது. அந்த எண் உண்மையில் தேவையா என்று பின்னால் சோதித்துப் பார்த்தார்கள். ஹார்வர்டைச் சேர்ந்த ஐ-மின் லீ 2019இல் வெளியிட்ட ஆய்வில் சராசரி வயது 72 கொண்ட 16,741 பெண்கள் இருந்தார்கள். நாளுக்குச் சுமார் 2,700 அடி நடந்தவர்களைவிட 4,400 அடி நடந்தவர்களிடையே இறப்பு விகிதம் 41 சதவீதம் குறைவு. 7,500 அடிக்கு மேல் கூடுதல் பலன் தெரியவில்லை. நாற்பது நிமிடம் நடந்துவிட்டு இலக்கு எட்டவில்லையே என்று வருந்தும் வயதானவர்களிடம் இந்த எண்களைக் கட்டாயம் சொல்ல வேண்டும்.

அடிமானிக்குள் விளையாட்டு நுழைந்ததும் ஜப்பானில்தான். 1998இல் நின்டெண்டோ விற்ற பாக்கெட் பிகாச்சுவில் 20 அடிக்கு ஒரு 'வாட்' சேரும். அதைக் கொடுத்தால் திரையிலுள்ள செல்லப்பிராணி மகிழும். அதே நிறுவனத்தின் வீ விளையாட்டுக் கருவியில் மனம் பறிகொடுத்த ஜேம்ஸ் பார்க், எரிக் ஃப்ரீட்மனுடன் சேர்ந்து 2007இல் ஃபிட்பிட்டைத் தொடங்கினார். 2009இல் வந்த முதல் கருவியின் சிறிய திரையில் ஒரு பூச்செடி; நடக்க நடக்கத் தண்டு நீளும்.

அலுவலகம் இதைத் தனதாக்கிக்கொண்டது ஆஸ்திரேலியாவில். 2004இல் மெல்பர்னில் தொடங்கிய குளோபல் கார்ப்பரேட் சேலஞ்ச் ஏழு பேர் கொண்ட குழுக்களை, இடுப்பில் அடிமானியோடு, நூறு நாள் நடக்க வைத்தது. நடந்த தூரம் இணைய வரைபடத்தில் உலகச் சுற்றுப் பயணமாக விரியும். இந்திய நிறுவனங்களின் ஊழியர்களும் குழுக் குழுவாகச் சேர்ந்தார்கள். 2016இல் வர்ஜின் பல்ஸ் அதை வாங்கிக்கொண்டது. அதற்குள் எல்லாம் கைபேசிச் செயலியாகிவிட்டிருந்தது.

இது வேலை செய்கிறதா? பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தின் மிதேஷ் படேலும் சக ஆய்வாளர்களும் இதை நுணுக்கமாகப் பார்த்தார்கள். 2016இல் வெளியான அவர்களின் சோதனையில் 281 ஊழியர்களுக்கு நாளுக்கு 7,000 அடி இலக்கு. ஒரு குழுவுக்கு இலக்கை எட்டிய நாளுக்கு 1.40 டாலர் பரிசு. இன்னொரு குழுவின் கணக்கில் மாதத் தொடக்கத்திலேயே 42 டாலரைப் போட்டுவிட்டு, எட்டாத ஒவ்வொரு நாளுக்கும் 1.40 டாலரைக் கழித்தார்கள். பணம் இரண்டிலும் ஒன்றே. பரிசு பெற்றவர்கள் 35 சதவீத நாட்களிலும், கையிலிருந்து இழந்தவர்கள் 45 சதவீத நாட்களிலும் இலக்கை எட்டினார்கள். பணமே இல்லாத குழு 30 சதவீத நாட்களில். 2019இல் வந்த அடுத்த சோதனையில் 602 ஊழியர்களுக்குத் திங்கட்கிழமைதோறும் 70 புள்ளிகள். தவறிய நாளுக்கு 10 போகும். குடும்பத்தார் துணை, குழு ஒத்துழைப்பு, போட்டி ஆகிய மூன்று வகையிலும் விளையாட்டு நடந்தபோது நடை கூடியது. 24 வாரம் முடிந்து புள்ளிகள் நின்றபின் 12 வாரம் பார்த்ததில் போட்டிக் குழுவில் மட்டும்தான் பலன் தெளிவாக மிஞ்சியது.

ஆக, புள்ளிகளால் மனிதர் நடக்கிறார்கள், அதில் பொய்யில்லை. நிறுவனங்கள் விற்ற பெரிய வாக்குறுதி வேறு: மருத்துவச் செலவு குறையும், விடுப்பு குறையும் என்பது. அது மெய்ப்படவில்லை. அமெரிக்க மொத்தவிலைக் கடைத் தொடர் ஒன்றின் சுமார் 33,000 ஊழியர்களை வைத்து சாங், பைக்கர் இருவரும் 2019இல் வெளியிட்ட ஆய்வில், நலத் திட்டம் நடந்த கிளைகளில் தவறாமல் உடற்பயிற்சி செய்வதாகச் சொன்னவர்கள் 8.3 சதவீதப் புள்ளி அதிகம். ரத்த அழுத்தம், கொழுப்பு, செலவு, விடுப்பு எதிலும் பதினெட்டு மாதத்தில் வித்தியாசமில்லை. இல்லினாய் பல்கலைக்கழக ஊழியர்களிடம் நடந்த ஆய்வும் முதல் ஆண்டுச் செலவில் மாற்றம் காணவில்லை.

ஆனாலும் பணம் இந்த வழியிலேயே ஓடியது. 2010இல் நிறைவேறிய ஒபாமா கால மருத்துவச் சட்டம், நலத் திட்டத்தை வைத்து ஊழியரின் காப்பீட்டுச் செலவில் 30 சதவீதம் வரை கூட்டவோ குறைக்கவோ 2014 முதல் இடம் கொடுத்தது. அதன் வலி வெஸ்ட் வர்ஜீனியாவில் வெடித்தது. மாநில அரசு ஊழியர் காப்பீட்டில் கோ365 என்ற செயலி வந்தது. அதில் அடிக்கணக்கையும் உடல் அளவுகளையும் கொடுத்து 3,000 புள்ளி சேர்க்காதவர் மாதம் 25 டாலர் கூடுதலாகக் கட்ட வேண்டும். சம்பளத்தில் நாட்டின் கடைசி வரிசையில் இருந்த ஆசிரியர்களுக்கு அது தாங்கவில்லை. எடையும் இடுப்பளவும் கொடுத்தால்தான் கழிவு என்பது அவர்களுக்கு அவமானமாகவும் பட்டது. அரசு செயலியைக் கைவிட்டும் கோபம் தணியவில்லை. 2018 பிப்ரவரி 22 அன்று ஆசிரியர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்க, 55 மாவட்டங்களிலும் பள்ளிகள் மூடின. ஒன்பது பள்ளி நாட்களுக்குப் பிறகு 5 சதவீதச் சம்பள உயர்வோடு திரும்பினார்கள். சம்பளமும் பிரீமியமும்தான் முதல் காரணங்கள்; ஆனால் பொறுமையை உடைத்தவற்றுள் செயலியும் ஒன்று என்பதை மறைக்க முடியாது.

அதற்கு ஆறு மாதம் முன்பே வாஷிங்டனில் ஒரு வழக்கில் தீர்ப்பு வந்திருந்தது. ஓய்வுபெற்றோருக்காகப் பேசும் ஏஏஆர்பி அமைப்பு, சம வேலைவாய்ப்பு ஆணையத்தின்மீது போட்ட வழக்கு அது. 30 சதவீதம் வரை பணம் போனாலும் ஊழியர் தன் மருத்துவ விவரங்களை விரும்பித்தான் தருகிறார் என்று ஆணையம் விதி வகுத்திருந்தது. அந்த எண்ணுக்குத் தகுந்த காரணம் காட்டவில்லை என்று 2017 ஆகஸ்டில் நீதிமன்றம் சொன்னது; 2019 ஜனவரி 1 முதல் விதி செல்லாமல் போனது. மாட்டேன் என்று சொல்லும் ஊழியரிடமிருந்து எவ்வளவு பிடிக்கலாம் என்பதற்கு 2021 ஜனவரியில் ஆணையம் புதிய வரைவு ஒன்றை முன்வைத்து, அடுத்த மாதமே திரும்பப் பெற்றுக்கொண்டது.