மொழியை இழந்தவர் வென்ற ஆட்டம்

அடிமைப்பட்ட மக்கள் ஆள்வோரின் ஆட்டத்தைக் கற்று, அதே ஆட்டத்தில் அவர்களை வென்ற வரலாறு எது என்று கேட்டால், இந்நாட்டில் எவரும் கல்கத்தா மைதானத்தையே சுட்டுவர். 1911ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 29ஆம் நாள், ஒருவரைத் தவிர ஏனையோர் வெறுங்காலுடன் ஆடிய மோகன் பகான் அணி, ஆங்கிலப் படைப்பிரிவின் அணியை வென்று கேடயத்தைக் கைப்பற்றியது. அச்செய்தி நாம் நன்கறிந்தது. ஆனால் அதே ஆண்டு நவம்பர்த் திங்களில், கடல் கடந்த அமெரிக்காவில், இதற்கு இணையான மற்றொரு வெற்றி நிகழ்ந்தது என்பதை நம்மில் பலர் அறியோம். அதை ஈட்டியவர்களும் ‘இந்தியர்’ என்றே அழைக்கப்பட்டனர் என்பது வியப்புக்குரியது. கொலம்பஸ் வழி தவறி அடைந்த நிலத்தை இந்தியா என்று எண்ணியதால் அம்மக்களுக்கு வாய்த்த பெயர் அது. செவ்விந்தியர் என்று நாம் எழுதி வந்த அத்தொல்குடி மக்களின் பிள்ளைகள் ஆடிய பந்தாட்டத்தைப் பற்றியும், அதற்கு அவர்கள் கொடுத்த விலையைப் பற்றியும் இக்கட்டுரையில் காண்போம்.

பள்ளியின் தோற்றம்

பென்சில்வேனியா மாநிலத்தில் கார்லைல் என்றொரு சிற்றூர் உண்டு. அங்குக் கைவிடப்பட்டுக் கிடந்த படைவீடு ஒன்றில், ரிச்சர்டு ஹென்றி பிராட் என்னும் குதிரைப்படை அதிகாரி 1879ஆம் ஆண்டு தொல்குடிப் பிள்ளைகளுக்கென ஓர் உறைவிடப் பள்ளியை நிறுவினார். போரில் சிறைப்பட்ட தொல்குடியினரைப் புளோரிடாவிலிருந்த ஒரு கோட்டையில் காவல் காத்தவர் அவர். அக்கைதிகளுக்கு ஆங்கிலம் கற்பித்த அனுபவமே பள்ளிக்கு வித்தாயிற்று. தொல்குடிப் பிள்ளையிடமுள்ள தொல்குடித் தன்மையை அடியோடு அழித்துவிட்டால் எஞ்சுபவன் நல்ல மனிதனாவான் என்பது அவருடைய கொள்கை. அதனை அவர் மறைத்ததில்லை, மேடையேறியே முழங்கினார்.

பிள்ளைகள் வந்திறங்கியதும் நீண்ட தலைமுடி கத்தரிக்கப்பட்டது. ஊர் உடை போய்ச் சீருடை வந்தது. தாய்மொழி பேசினால் தண்டனை. முதற் குழுவில் வந்த லகோட்டா இனச் சிறுவன் ஒருவன், பின்னாளில் லூதர் ஸ்டாண்டிங் பேர் என்ற பெயரில் எழுத்தாளனாகி, தன் முதல் வகுப்பைப் பற்றி எழுதியிருக்கிறான். கரும்பலகையில் வரிசையாகச் சில எழுத்துகள் இருந்தன. ஆசிரியர் ஒரு கோலைக் கையில் கொடுத்து, ஏதேனும் ஒன்றைத் தொடுமாறு சைகை காட்டினார். சிறுவன் ஒன்றைத் தொட்டான். அவன் தொட்டது என்னவென்று அவனுக்கே தெரியாது. அன்று முதல் அதுவே அவன் பெயர். தந்தை இட்ட பெயர் அக்கணத்தோடு பள்ளியின் ஏட்டில் இல்லாமற் போயிற்று.

ஆட்டம் நுழைந்த கதை

இங்கு ஒன்றைத் தெளிவாக்குதல் வேண்டும். அமெரிக்கர் கால்பந்து என்பது நாமறிந்த கால்பந்தன்று. முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடி, தடுப்போரை மோதித் தள்ளி, எதிரியின் எல்லைக்குள் கொண்டு சேர்க்கும் முரட்டு ஆட்டம் அது. கம்பங்களுக்கிடையே பந்தை உதைத்தும் புள்ளி பெறலாம். அந்நாட்களில் அது பெரும் பல்கலைக்கழகங்களின் ஆட்டமாகவும், செல்வர் வீட்டு இளைஞரின் வீர விளையாட்டாகவும் விளங்கிற்று.

கார்லைல் மாணவரும் அதனை ஆடத் தலைப்பட்டனர். உள்ளூர்க் கல்லூரியொன்றுடன் ஆடியபோது ஒரு மாணவனின் கால் முறிந்தது. பிராட் ஆட்டத்தையே தடை செய்துவிட்டார். சில காலம் கழித்து மாணவர் நாற்பது பேர் வரை அவர் அறைக்குச் சென்று மன்றாடினர். அவர் இரண்டு நிபந்தனைகளின் பேரில் இசைந்தார். எதிரி குத்தினாலும் திருப்பிக் குத்தலாகாது. சில ஆண்டுகளுக்குள் நாட்டின் தலைசிறந்த அணிகளை வெல்ல வேண்டும். முதலாவது நிபந்தனையை நாம் சற்று நின்று எண்ணிப் பார்க்க வேண்டும். குத்துவதும் மிதிப்பதும் அன்றாடமாக இருந்த ஆட்டத்தில், ஒரு பிரிவினர் மட்டும் அடியைத் தாங்கியே வெல்ல வேண்டுமாம்! திருப்பி அடித்தால் காட்டுமிராண்டிகள் என்ற பழிச்சொல் காத்திருந்தது. அடக்கப்பட்டவனிடம் மட்டும் இருமடங்கு நன்னடத்தையை எதிர்பார்ப்பது உலகெங்கும் உள்ள வழக்கமே போலும்.

கார்லைல் கல்லூரியன்று, தொழிற்பள்ளி. ஆயினும் அதன் அணி ஹார்வர்டு, பென்சில்வேனியா முதலிய பெரும் பல்கலைக்கழகங்களுடன் ஆடிற்று. 1899இல் வந்து, இடையில் நீங்கி, 1907இல் திரும்பி வந்த பயிற்சியாளர் கிளென் வார்னர் அவர்களுக்கு அமைந்தார். எதிரணியினரைக் காட்டிலும் எடை குறைந்த இப்பிள்ளைகள் உடல் வலுவால் மட்டும் வெல்வது அரிது. எனவே வேகமும் சூழ்ச்சியும் அவர்களுடைய படைக்கலங்களாயின. 1903இல் ஹார்வர்டுக்கு எதிராக, ஒருவன் சட்டையின் பின்புறத்தில் பந்தைச் செருகி மறைத்து, அவன் களம் முழுவதும் ஓடி எல்லையை அடையுமாறு செய்து எதிரிகளை ஏமாற்றினர். ஆட்டத்தில் நேர்ந்த உயிரிழப்புகளால் நாடே அதிர்ந்து விதிகளைத் திருத்தியபோது, 1906 முதல் பந்தை முன்னோக்கி எறிய இசைவு கிடைத்தது. பெரிய கல்லூரிகள் தயங்கி நின்ற வேளையில், 1907இல் அம்முறையைக் கையாண்டு பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தை 26க்கு 6 என்று கார்லைல் வீழ்த்தியது. இன்று அமெரிக்கர் கொண்டாடும் அந்த ஆட்ட முறைக்கு வழி காட்டியவர்களில் இப்பிள்ளைகளும் அடங்குவர்.

1912ஆம் ஆண்டுப் பருவம்

அவ்வணியின் ஒளிவிளக்கு ஜிம் தார்ப். சாக்-பாக்ஸ் இனத்தவர்; இளமையில் இரட்டைச் சகோதரனையும், பின்னர்த் தாய் தந்தையரையும் இழந்தவர். 1911 நவம்பர் 11ஆம் நாள் ஹார்வர்டை எதிர்த்து, கட்டுப்போட்ட காலுடன் களமிறங்கினார். கம்பங்களுக்கிடையே நான்கு முறை உதைத்துத் தாமே 12 புள்ளிகள் ஈட்டினார். கார்லைல் 18, ஹார்வர்டு 15 என ஆட்டம் முடிந்தது. மோகன் பகான் வென்று நான்கு திங்கள்கூட நிறைவுறவில்லை!

1912 கோடையில் ஸ்டாக்ஹோம் ஒலிம்பிக்கில் ஐந்து போட்டிகள் கொண்ட பிரிவிலும், பத்துப் போட்டிகள் கொண்ட பிரிவிலும் தார்ப் முதலிடம் பெற்றார். உலகம் புகழ்ந்த அவ்வீரர் இலையுதிர் காலத்தில் மீண்டும் பள்ளி அணியின் சட்டையை அணிந்தார். அப்பருவத்தில் கார்லைல் ஆடியவை 14 ஆட்டங்கள், வென்றவை 12, சமனில் முடிந்தது 1, தோற்றது 1. எடுத்த புள்ளிகள் 504, கொடுத்தவை 114. பேராட்டங்களுக்கெல்லாம் அணி இரயிலேறி எதிரியின் ஊருக்கே செல்ல வேண்டியிருந்தது. பெருங்கூட்டம் கூடுவதும், நுழைவுக் கட்டணம் குவிவதும் அங்கேதான்.

நவம்பர் 9ஆம் நாள் அவர்கள் சென்ற இடம் வெஸ்ட் பாயிண்ட் படைக்கல்லூரி. அமெரிக்கத் தரைப்படையின் அதிகாரிகள் உருவாகும் இடம் அது. அதே தரைப்படை வூண்டட் நீ என்னுமிடத்தில் லகோட்டா மக்களை, பெண்டிர் பிள்ளைகள் உட்பட, சுட்டுக் கொன்றது 1890 டிசம்பரில். இடையில் கழிந்தவை 22 ஆண்டுகளே. களத்தில் நின்ற பிள்ளைகளுக்கு அதனை எவரும் நினைவூட்ட வேண்டியதில்லை. ஒரு புறம் வருங்காலப் படைத்தலைவர்கள். மறு புறம் அப்படையால் ஒடுக்கப்பட்ட குடிகளின் மக்கள். கையில் ஆயுதமில்லை, இரு சாராருக்கும் விதி ஒன்றே, நடுவர் பொதுவானவர். அத்தகைய களம் அம்மக்களுக்கு அதற்கு முன் எப்போது வாய்த்தது?

வார்னர் வகுத்த புதிய அணிவகுப்பைக் கண்டு படைக்கல்லூரி திகைத்தது. கஸ் வெல்ச் அணியை நடத்த, அலெக்ஸ் அர்காசா மூன்று முறை எல்லையைக் கடந்தார். தார்ப்பின் நெடிய ஓட்டமொன்று, தம் அணியினர் செய்த விதிமீறலால் கணக்கில் சேராமற் போயிற்று. ஆயினும் இறுதியில் கார்லைல் 27, படைக்கல்லூரி 6. அன்று தார்ப்பைத் தடுத்து வீழ்த்த முயன்ற இளைஞருள் ஒருவர் டுவைட் ஐசன்ஹோவர். இரண்டாம் உலகப் போரில் நேசப் படைகளை நடத்திப் பின்னர் நாட்டின் குடியரசுத் தலைவரானவர் அவரே.

அடுத்த வாரமே பென்சில்வேனியாவிடம் 34க்கு 26 என்று கார்லைல் தோற்றது. நவம்பர் இறுதியில் பிரவுன் பல்கலைக்கழகத்தை 32க்கு 0 என்று வென்று பருவத்தை முடித்தது. கார்லைல் அணிக்காகத் தார்ப் ஆடிய கடைசி ஆட்டம் அதுவே.

வெற்றிக்குப் பின்

1913 ஜனவரியில் ஒரு நாளிதழ், தார்ப் சில ஆண்டுகளுக்கு முன் கோடை விடுமுறையில் சிறு கூலிக்குப் பேஸ்பால் ஆடியதை வெளியிட்டது. ஒலிம்பிக் பதக்கங்கள் பறிக்கப்பட்டன. வேறு கல்லூரி மாணவர் பலர் புனைபெயரில் மறைந்து ஆடித் தப்பினர். இவரோ சொந்தப் பெயரில் ஆடியிருந்தார்! தார்ப் 1953 மார்ச்சில் வறிய நிலையில் மறைந்தார். அவ்வாண்டு ஜனவரியில்தான் ஐசன்ஹோவர் குடியரசுத் தலைவராகப் பதவியேற்றிருந்தார். பதக்கங்களைத் திருப்பியளிக்க ஒலிம்பிக் குழு 1982இல் இசைந்தது. தனி வெற்றியாளர் என்று ஏற்றதோ 2022இல்தான்.

பள்ளியின் உள்நிலையும் வெளிப்பட்டது. பந்தாட்டத்தால் குவிந்த பணம் எங்கே செல்கிறது, மாணவர் ஏன் இவ்வாறு நடத்தப்படுகின்றனர் என்று கேட்டு, கஸ் வெல்ச் முன்னின்று எழுதிய விண்ணப்பத்தில் இருநூற்றுக்கும் மேற்பட்ட மாணவர் கையொப்பமிட்டனர். 1914இல் நாடாளுமன்றக் குழு வந்து விசாரித்தது. மேற்பார்வையாளர் பதவியிழந்தார், வார்னரும் அவ்வாண்டோடு விலகினார். களத்தில் திருப்பி அடிக்கலாகாது என்று கட்டுண்ட பிள்ளைகள், தாளிலும் மையிலும் கேட்ட நியாயம் அது. படைக்கல்லூரியை வென்றதைக் காட்டிலும் இதனையே பெரிய வெற்றியாக நாம் மதிக்கிறோம்.

1918இல் பள்ளி மூடப்பட்டது. வீடு திரும்பாமல் அங்கேயே மாண்ட பிள்ளைகளின் கல்லறைகள் 180க்கும் மேல் இருந்தன. 2017 முதல் அமெரிக்கப் படை அவர்களுடைய எலும்புகளை எடுத்து உரிய குடிகளிடம் ஒப்படைத்து வருகிறது. இத்தகைய பள்ளிகளுக்காக அமெரிக்கக் குடியரசுத் தலைவர் மன்னிப்புக் கேட்டது 2024 அக்டோபரில்.

நமக்கு உணர்த்துவது

அவர்கள் நிலையும் நம் நிலையும் ஒன்றன்று. பிழைப்புக்காகவும், மாற்றல் உத்தரவுக்குப் பணிந்தும் வெளிமாநிலம் வந்தவர் நாம். நம் பிள்ளைகளை எவரும் பறித்துச் செல்லவில்லை. தமிழ் பேசியதற்காக எவரும் பிரம்பெடுக்கவில்லை. ஆனால் ஊரிலிருந்து பாட்டி தொலைபேசியில் “சாப்பிட்டாயா கண்ணே?” என்று கேட்கும்போது, பேரக்குழந்தை இந்தியிலோ ஆங்கிலத்திலோ விடை சொல்லிவிட்டு, கருவியைத் தாயிடம் நீட்டும் காட்சியை நம்மில் எத்தனை வீடுகளில் காண்கிறோம்! அங்கே தண்டனை செய்த வேலையை இங்கே நம் சோம்பலே செய்துவிடுகிறது. “வகுப்பில் முதல் மதிப்பெண் வாங்குகிறானே, அது போதாதா?” என்று நாமே சமாதானமும் சொல்லிக்கொள்கிறோம். கார்லைல் பிள்ளைகளும் முதலிடம் வாங்கியவர்கள்தாம். நாடே எழுந்து நின்று கைதட்டிற்று. ஆயினும் வெற்றிச் செய்தியை ஊரிலிருந்த தாயிடம் அவள் மொழியில் சொல்ல, அவர்களில் எத்தனை பேரிடம் சொல் எஞ்சியிருந்தது?

பிற மொழியைக் கற்பதில் இழுக்கில்லை. பிறர் ஆட்டத்தை ஆடி வெல்வதிலும் இழுக்கில்லை. நம் பிள்ளைகள் எந்த ஊர்க் களத்திலும் ஆடட்டும், வெல்லட்டும். ஆட்டம் முடிந்து வீடு திரும்பும்போது பாட்டியின் கேள்விக்குத் தமிழில் விடை சொல்லட்டும். சங்கத்தின் ஞாயிற்றுக்கிழமைத் தமிழ் வகுப்பில் இன்னும் இடமிருக்கிறது. அங்கே எந்தக் குழந்தையும் தன் பெயரைக் கோலால் தொட்டுத் தேட வேண்டியதில்லை. நாம் இட்ட பெயரை அதன் கையாலேயே எழுதக் கற்றுக்கொடுக்கிறார்கள்.