பாத்திரம் தந்த பெயர்

நம் திரைப்பட வரலாற்றைப் புரட்டினால் கதாநாயகர்களின் பெயர்களே முதலில் கண்ணிற் படுகின்றன. அவர்களுக்கு எதிரே நின்று கதையை நகர்த்திவிட்டு ஒதுங்கிக்கொண்ட துணை நடிகர்களைத் தேடுவோர் சிலரே. அத்தகைய நடிகர் ஒருவரைப் பற்றி இன்று உங்களிடம் பேச விரும்புகிறேன். அவர் ஜாவர் சீதாராமன்.

‘ஜாவர்’ என்பது அவருடைய ஊரும் அன்று, குலமும் அன்று. பிரெஞ்சு எழுத்தாளர் விக்டர் ஹ்யூகோ 1862இல் வெளியிட்ட பெருநாவல் ஒன்றைச் சுத்தானந்த பாரதியார் ‘ஏழை படும் பாடு’ என்று தமிழாக்கினார். அதே பெயரில் கோவை பட்சிராஜா நிறுவனத்தார் 1950இல் ஒரு படம் எடுத்தனர். கே. ராம்நாத் இயக்கினார்; நாகையா நாயகராக நடித்தார். தண்டனை அடைந்த ஏழையை ஓயாது துரத்தும் போலீஸ் அதிகாரியே ஜாவர். இரக்கத்துக்கு இடம் கொடாத அவ்வேடத்தைச் சீதாராமன் ஏற்றார். வேடம் கலைந்தது, பெயர் கலையவில்லை. இறுதிவரை அவர் ஜாவர் சீதாராமனாகவே விளங்கினார்.

நான்கு ஆண்டுகளுக்குப் பின் அவருக்கு மற்றொரு போலீஸ் வேடம் வாய்த்தது. வீணை வித்துவான் எஸ். பாலசந்தர், குரோசாவாவின் ‘ரஷோமோன்’ என்னும் ஜப்பானியப் படத்தால் தூண்டப்பெற்று ஒரு கதை புனைந்தார். அதை நாடகமாக எழுதி அகில இந்திய வானொலிக்கு அனுப்பினார், நிலையத்தார் ஏற்கவில்லை. பின்னர் அதுவே கோடம்பாக்கத்து ஏவி.எம். நிறுவனத்தில் ‘அந்த நாள்’ என்னும் படமாயிற்று. திரைக்கதையை எழுதியவர் சீதாராமன்.

1943ஆம் ஆண்டு அக்டோபரில் ஜப்பானியர் சென்னைமீது குண்டு வீசிய நாட்களில் கதை நடக்கிறது. சேப்பாக்கத்தில் ராஜன் என்னும் வானொலிப் பொறியாளர் சுடப்பட்டு இறந்து கிடக்கிறார். அவரே கதாநாயகர் சிவாஜி கணேசன்! நாயகர் முதற்காட்சியிலேயே இறந்துவிட்டால் கதையை நடத்துவது யார்? துப்பறியும் அதிகாரி சிவானந்தமாக வரும் சீதாராமனே. அவர் ஒவ்வொருவரிடமும் கேள்வி கேட்கிறார். ஒவ்வொருவர் வாய்மொழியிலும் ராஜன் வெவ்வேறு மனிதராகத் தோன்றுகிறார். கொன்றவர் யார் என்பதை நான் சொல்லப்போவதில்லை. படத்தைப் பார்த்து அறிந்துகொள்ளுங்கள்.

அப்படத்தில் பாட்டில்லை, நடனமில்லை, சண்டையுமில்லை. பாட்டு மலிந்த அக்காலத்தில் இது பெருந்துணிவு. பாட்டு வகிக்கும் இடத்தை அங்கே கேள்வி வகிக்கிறது. உரக்கப் பேசாமல், பிறர் பேசுவதைக் கூர்ந்து கேட்கும் நடிப்பே சீதாராமன் அதில் காட்டிய திறமை. கேட்பதும் நடிப்பே என்பதை நாம் எளிதில் மறந்துவிடுகிறோம். 1954ஆம் ஆண்டு தமிழ்ப் புத்தாண்டு நாளில் வெளிவந்த அப்படம் வசூலில் தோற்றது. ஆயினும் அவ்வாண்டின் தேசிய விருதுகளில் தகுதிச் சான்றிதழ் பெற்றது. இன்று தமிழ்த் திரையின் சிறந்த படைப்புகளுள் ஒன்றாக எண்ணப்படுகிறது.

சீதாராமன் நாயகராக உயரவில்லை, எழுத்தாளராக வளர்ந்தார். 1960இல் வந்த ‘களத்தூர் கண்ணம்மா’, 1962இல் வந்த ‘ஆலயமணி’ முதலிய படங்களில் அவருடைய எழுத்து உண்டு. ‘உடல் பொருள் ஆனந்தி’ போன்ற மர்ம நாவல்களையும் எழுதினார்.

1967இல் ‘பட்டணத்தில் பூதம்’ வந்தது. ஜாடியிலிருந்து வெளிப்படும் பூதமாகிய ஜீபூம்பா அவரே, எழுதியவரும் அவரே. கண்டிப்பான அதிகாரியாகப் பெயர் பெற்றவர் குழந்தைகளின் நண்பரானார். அப்படத்தைப் பார்த்த சிறுவர்கள் ‘ஜீபூம்பா’ என்ற பெயரை மறக்கவில்லை. ஆனால், பூதத்தின் பெயரை அறிந்தவர்களுள் எத்தனை பேர் நடிகரின் பெயரைச் சொல்வர்?

ஒரு பாத்திரம் அவருக்குப் பெயரைத் தந்தது. மற்றொரு பாத்திரம் அவர் பெயரை மறைத்தது. துணை நடிகரின் பேறும் இழப்பும் இவையே. கூரை நிற்பது முகப்புத் தூணால் மட்டுமன்று. உள்ளே மறைந்து நிற்கும் தூண்களாலும் தான். கலை வரலாற்றைக் கற்கப் புகும் நீங்கள், படத்தின் தொடக்கத்தில் விரைந்தோடும் பெயர்ப் பட்டியலைச் சற்று நிதானமாகப் படியுங்கள். எழுதப்படாத வரலாறு பல அங்கே உங்களுக்காகக் காத்திருக்கிறது.