விளக்க அட்டவணையும் வரலாறும்

வரலாறு எழுதப் புகுவோர் கல்வெட்டையும் செப்பேட்டையும் பழைய நூல்களையும் முதன்மையான சான்றுகளாகப் போற்றுவது இயல்பு. அவற்றுக்கு அடுத்தபடியாக எண்ணத்தக்க வேறொரு துணையும் உண்டு. அஃது அரும்பொருட்டொகுதிகளுக்கு அறிஞர் வகுத்த விளக்க அட்டவணையாகும். நூதனசாலையிலோ தனியார் ஒருவரின் பேழையிலோ உள்ள பொருள் ஒவ்வொன்றுக்கும் எண்ணிட்டு, அதன் உலோகம், நிறை, அளவு, முன்புற பின்புற உருவங்கள், பொறித்த எழுத்து, கிடைத்த இடம் என்பவற்றை ஒழுங்குபடக் குறிப்பதே அதன் தொழில். மேலோட்டமாகப் பார்ப்பவர்க்கு அது சுவையற்ற பட்டியலாகத் தோன்றலாம். ஆயினும், ஓர் அரசு தன் பெயரால் நாணயம் வெளியிட்டதா என்னும் பெருவினாவுக்கும் அப்பட்டியலின் ஒரு வரி விடை கூறுவதுண்டு. இலங்கையின் வரலாறே இதற்குத் தக்க சான்றாகும்.

ஒரு பிரதேசத்துப் பொருள்களைத் தொகுத்து அட்டவணை செய்யும் முறைக்கு இங்கிலாந்து நல்லதோர் எடுத்துக்காட்டைத் தந்தது. 17ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் அந்நாட்டிற் சில்லறைக் காசு பெரிதும் அரிதாயிற்று. அதனால் கடைக்காரரும் விடுதிக்காரரும் தத்தம் பெயரும் ஊரும் பொறித்த சிறு வில்லைகளைத் தாமே வெளியிட்டனர். 1672ஆம் ஆண்டில் அரசாங்கம் செப்புக்காசுகளை வெளியிட்டு இவ்வழக்கத்தைத் தடுத்தது. பின்னர் 1858ஆம் ஆண்டில் வில்லியம் பொயின் என்பார் அவ்வில்லைகளை மாவட்டம் மாவட்டமாகவும் ஊர் ஊராகவும் வகுத்து அட்டவணை செய்தார். மன்னர் வரலாற்றில் இடம்பெறாத சிற்றூர் வணிகரின் பெயர்கள் இதனால் வரலாற்றாசிரியரின் கைக்கு எட்டின.

இதையொத்த நிலைமை 19ஆம் நூற்றாண்டில் இலங்கையிலும் ஏற்பட்டது. மலைநாட்டிலே கோப்பிப் பயிர்ச்செய்கை பெருகிய காலத்தில், கொழும்பிலிருந்த ஆலைகளிற் கோப்பிக் கொட்டைகளை உலர்த்தித் தோலகற்றித் தரம் பிரிக்கும் வேலை நடைபெற்றது. கொட்டைகளைப் பொறுக்கித் தரம் பிரித்தவர் பெரும்பாலும் பெண்களே. நாட்கூலி கொடுப்பதற்குச் சில்லறை போதாமையால் கம்பனிகள் தம் பெயர் பொறித்த உலோக வில்லைகளை வழங்கின. 1869ஆம் ஆண்டில் தோன்றிய இலைநோய் கோப்பியை அழிக்கத் தொடங்கியது. 1872ஆம் ஆண்டில் ரூபாவும் சதமும் கொண்ட நாணய முறை நடைமுறைக்கு வந்தது. 1880களிற் கோப்பித்தொழில் வீழ்ச்சியுற, வில்லைகளுக்கும் வேலையில்லாதாயிற்று. அவற்றைச் சேகரித்து ஆராய்ந்தவர்களுள் இராணுவப் பொறியியலாளரான லோஸ்லி என்பார் ஒருவர். இலங்கையின் காசுகளையும் வில்லைகளையும் பற்றி அவர் எழுதிய கட்டுரை 1895ஆம் ஆண்டில் இலண்டன் நாணயவியல் ஏடொன்றில் வெளிவந்தது.

இங்கு ஒன்று நோக்கத்தக்கது. அட்டவணை கம்பனியின் பெயரையும் ஆலையின் பெயரையும் கூறும். வில்லையைப் பெற்ற பெண்ணின் பெயரைக் கூறாது. பொருளில் எழுதப்பட்டிருப்பதையே அட்டவணை எழுதும். ஆதலால், எழுதப்படாத வரலாற்றை உய்த்துணர்வது அதனைப் பயன்படுத்துவோரின் கடமையாகும். எனினும், அவ்வட்டவணை தானும் இல்லையாயின், அப்பெண்கள் கூலி பெற்ற முறைக்குக் கையிற் பிடித்துக் காட்டத்தக்க சான்று அரிதாகிவிடும்.

அட்டவணையின் ஆற்றலை நன்கு விளக்குவது சேதுக் காசின் கதையாகும். இச்செப்புக் காசின் ஒருபுறத்தில் நிற்கும் அரசனது உருவமும், மறுபுறத்திற் படுத்திருக்கும் நந்தியும், அதன் கீழே தமிழில் ‘சேது’ என்னும் சொல்லும் காணப்படும். சேது என்றவுடன் இராமநாதபுரத்துச் சேதுபதிகள் நினைவுக்கு வருதல் இயல்பே. அதனால் முன்னைய அறிஞர் சிலர் இக்காசுகளை அவர்களுக்கே உரியவையாகக் கொண்டனர். ஆனால், இவை யாழ்ப்பாணத்திலே மிகுதியாகக் கிடைத்தன. ஆரியச்சக்கரவர்த்திகளுக்குச் சேதுகாவலர் என்னும் பெயர் வழங்கியமையும், அவர்களது வெற்றியைக் கூறும் கேகாலைப் பகுதியிலுள்ள கோட்டகமக் கல்வெட்டிற் சேது என்னும் சொல் காணப்படுவதும் ஒருங்குவைத்து நோக்கப்பட்டன. சுவாமி ஞானப்பிரகாசர் 1920ஆம் ஆண்டளவில் யாழ்ப்பாண மன்னரின் மறக்கப்பட்ட நாணயங்கள் பற்றி எழுதினார். 1924ஆம் ஆண்டிற் கொழும்பு நூதனசாலை வெளியீடாக வந்த கொட்றிங்ரனின் இலங்கை நாணய நூலும் இக்காசுகளை ஆரியச்சக்கரவர்த்திகளுக்கே உரியவையாகக் கொண்டது. காசு மாறவில்லை, அதற்குரிய இடத்தைக் கூறும் வரியே மாறியது. அவ்வரி மாறியதனால் யாழ்ப்பாண அரசு தனக்கென நாணயம் கொண்டிருந்தது என்பது தெளிவாயிற்று. கிடைத்த இடம் குறிக்கப்படாதிருந்தால் இம்மாற்றத்துக்கு வழியே இருந்திராது.

காசுக்குப் பொருந்தும் இவ்விதி கலைப்பொருளுக்கும் பொருந்தும். தேசாதிபதி சேர் வில்லியம் கிரகரியின் முயற்சியாற் கொழும்பு நூதனசாலை 1877ஆம் ஆண்டிலே திறக்கப்பட்டது. 1907, 1908ஆம் ஆண்டுகளிற் பெல் என்பார் தலைமையிற் பொலன்னறுவைச் சிவாலயத்தில் நடைபெற்ற அகழாய்விலே நடராசர், உமையம்மை, சைவ சமயக்குரவர் முதலியோரின் வெண்கலத் திருமேனிகள் வெளிப்பட்டு அந்நூதனசாலையைச் சேர்ந்தன. சேர் பொன்னம்பலம் அருணாசலம் அத்திருமேனிகளின் வழியாகச் சிவ வழிபாட்டின் தத்துவத்தை விளக்கி எழுதினார். 1914ஆம் ஆண்டில் ஆனந்த குமாரசுவாமி இலங்கை வெண்கலங்கள் பற்றிய நூலைப் படங்களுடன் வெளியிட்டார். முன்னவர் அவற்றின் உட்பொருளை உணர்த்தினார். பின்னவர் கலைவரலாற்றில் அவற்றுக்குரிய இடத்தை ஆராய்ந்தார். இத்திருமேனிகள் ஈழத்தில் வார்க்கப்பட்டவையா, சோழநாட்டிலிருந்து வந்தவையா என்பதைப் பிற்கால அறிஞர் நெடிது ஆராய்வதற்கு இத்தகைய பதிவுகளே அடிப்படையாயின.

பொருள் அழிந்தபின்னும் அதன் விவரத்தைக் காப்பது அட்டவணையின் மற்றொரு பயனாகும். 1981ஆம் ஆண்டிலே யாழ்ப்பாணப் பொதுசன நூலகம் எரியூட்டப்பட்டபோது ஏறக்குறைய 97,000 நூல்களும் கிடைத்தற்கரிய ஏட்டுச்சுவடிகளும் அழிந்தன. அச்சிட்ட நூலுக்கு வேறொரு பிரதி எங்கேனும் கிடைக்கலாம். ஒற்றை ஏட்டுக்கு அவ்வாறு கிடைப்பது அரிது. விவரமாகப் பதிவு செய்யப்பட்டு அப்பதிவு வேறிடத்திலும் வைக்கப்பட்ட ஏடு அழிந்தால், அழிந்தது இன்னதென்றாவது கூறலாம். பதிவு பெறாத ஏடு அழிந்தால், அதனை இழந்தோம் என்பதையும் அறிய இயலாது. இழப்புக்கு மேல் இழப்பு அதுவேயாகும்.

ஆதலின் விளக்க அட்டவணை செய்தல் பெரிய நூதனசாலைகளுக்கும் பேரறிஞர்க்கும் மட்டும் உரிய பணியன்று. கோயிற் களஞ்சியங்களிலும் பழைய வீடுகளின் பெட்டகங்களிலும் காசும் ஏடும் விளக்கும் முத்திரையும் இன்னும் கிடக்கின்றன. அவற்றை இடம்பெயர்க்காமலும் உரியவரின் இசைவுடனும் ஒவ்வொன்றாக அளந்து, நிறுத்து, படமெடுத்து, எங்கிருந்து வந்ததென வினாவி எழுதிவைத்தல் மேல்வகுப்பு மாணவர்க்கும் கைகூடும் செயலே. எழுதியதன் பிரதிகள் இரண்டு மூன்று இடங்களில் இருத்தல் வேண்டும். சேதுக் காசு பிறிதொரு நாட்டின் பெயரில் நெடுங்காலம் இருந்து, பின் தன் நாட்டுக்கு மீண்டதை நினைவுகூர்வோர், அத்தகையதொரு சிறு குறிப்பின் பெறுமதியைக் குறைவாக மதிப்பிடார்.