சிதறிய சுருள்களைத் தொகுத்தவர்: ஏ. கே. செட்டியாரும் காந்தி ஆவணப்படமும்

தமிழ்த் திரைப்பட வரலாற்றில் இயக்குநர், நடிகர், பாடலாசிரியர் ஆகியோரைப் பற்றி மிகுதியாக எழுதப்பட்டுள்ளது. பிறர் எடுத்த பழைய படச்சுருள்களைத் தேடித் தொகுப்போரின் பணியோ தனியொரு தொழிலாக எண்ணப்படுவதில்லை. சோவியத் நாட்டின் எஸ்ஃபிர் ஷூப் பழைய செய்திச்சுருள்களைக் கொண்டே ரொமானோவ் அரச மரபின் வீழ்ச்சியை 1927-இல் படமாக்கினார். திரைப்பட வரலாற்று நூல்கள் அவரை முன்னோடி எனப் போற்றுகின்றன. பதின்மூன்று ஆண்டுகளுக்குப் பின், ஒப்புநோக்கத்தக்க பணியைச் செய்து முடித்த ஏ. கே. செட்டியாரை (1911–1983) நாம் பெரும்பாலும் ‘உலகம் சுற்றும் தமிழன்’ என்னும் பயண எழுத்தாளராகவும் ‘குமரி மலர்’ இதழாசிரியராகவுமே அறிவோம்.

கோட்டையூரிற் பிறந்த செட்டியார் ஜப்பானிலும் அமெரிக்காவிலும் ஒளிப்படக்கலை பயின்றவர். 1937 அக்டோபர் 2 அன்று நியூயார்க்கிலிருந்து அயர்லாந்து நோக்கிக் கப்பலிற் சென்றுகொண்டிருந்தபோது, காந்தியடிகளைப் பற்றிய ஆவணப்படம் என்னும் எண்ணம் அவருள் உதித்தது. அன்று காந்தியடிகளின் பிறந்தநாள்.

எண்ணம் எளிது, சுருள்கள் எங்கே? தண்டி யாத்திரையைக் காட்டிய படங்கள் சிலவற்றுக்கு 1930-இல் ஆங்கில அரசு இந்தியாவில் தடை விதித்திருந்தது. 1931-இல் வட்டமேசை மாநாட்டிற்காக அவர் இலண்டன் சென்றபோது எடுக்கப்பட்ட காட்சிகள் வெளிநாட்டுச் செய்திப்பட நிறுவனங்களின் கைவசம் இருந்தன. அந்நிறுவனங்களுக்கோ செய்தி பழையதானதும் சுருளின் மதிப்புக் குறைந்துவிடும். அக்காலத்து நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பற்றக்கூடியது, நாளடைவிற் சிதைவது. எனவே காலத்தாழ்வு என்பதே இழப்பு என்னும் நிலை. செட்டியார் ஏறத்தாழ ஒரு இலட்சம் மைல் பயணம் செய்து, முப்பது ஆண்டுகளில் நூறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்த சுமார் 50,000 அடிச் சுருளைத் திரட்டினார். டாக்டர் பி. வி. பதியைக் கொண்டு புதிய காட்சிகளையும் படம்பிடித்தார்.

இவ்வெண்களைச் சற்றே கணக்கிட்டுப் பார்த்தல் நலம். ஒலிப்படத்தின் வேகத்தில் நிமிடத்திற்கு 90 அடி ஓடும். 50,000 அடி என்பது ஒன்பது மணி நேரத்துக்கும் மேற்பட்ட காட்சி. 1940 ஆகஸ்டில் வெளியான தமிழ்ப்படம் சுமார் 12,000 அடி. அதாவது இரண்டேகால் மணி நேரத்திற்குச் சற்றுக் குறைவு. நான்கடிக்கு ஓரடி வீதமே படத்தில் இடம்பெற்றது எனலாம். எதை விடுப்பது என்று முடிவு செய்ததிலேயே அவருடைய வரலாற்றுப் பார்வை வெளிப்பட்டிருக்க வேண்டும். ஒலியற்ற காலத்துச் சுருள்களைப் புதிய வேகத்தில் ஓட்டினால் மனிதர் விரைந்து துள்ளி நடப்பதாகத் தோன்றும் என்னும் தொழில்நுட்ப இடரும் அன்றைய தொகுப்பாளர் அனைவருக்கும் பொதுவானது.

இத்தனை பாடுபட்டுச் சேர்த்த படமே பின்னர் சிதறிப்போனது. 1953-இல் அமெரிக்காவில் அதன் ஆங்கில வடிவம் ஒன்று உருவாயிற்று. சுருக்கப்பட்ட ஆங்கிலப் பிரதியை ஆ. இரா. வேங்கடாசலபதி பிற்காலத்தில் அந்நாட்டிலேயே கண்டறிந்தார். தேடலின் கதையைச் செட்டியாரே எழுதியுள்ளார். வேங்கடாசலபதி பதிப்பித்த ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்னும் அந்நூலைப் பயண இலக்கிய வரிசையில் வைப்பதைவிட, எந்தக் காட்சியை எவரிடம், எவ்வாறு கேட்டுப் பெற்றார் என்பதற்கான தொழிற்பதிவேடாகக் கற்பிப்பதே பொருத்தம்.